கோணவாரி அறுபது மீட்டர் நகர்ந்த கதை

எங்கள் துறைப் பிள்ளைகள் இப்போது ட்ரோன் பறக்கவிடுகிறார்கள். முன்பெல்லாம் ஒரு வாரியை அளக்க வேண்டுமென்றால் நாலு பேர் கருவேல முள்ளுக்குள் இறங்க வேண்டும். இரண்டு பேர் காலைக் கிழித்துக்கொள்வார்கள், ஒருவர் பாம்பைப் பார்ப்பார், இன்னொருவர் பார்க்காமலே ஓடுவார். இப்போது நிழலில் நின்று ஒரு டீ குடித்து முடிப்பதற்குள் படம் வந்துவிடுகிறது. எனக்குப் பொறாமை இல்லை. ஆனால் சென்ற மாதம் அப்படி வந்த படத்தில் ஒரு சங்கடம். துறையின் வரைபடத்தில் வாரி இருக்கும் இடத்தில் தண்ணீரைக் காணோம். தண்ணீர் ஓடும் இடத்தில், வரைபடப்படி, வாரியே இல்லை. இரண்டுக்கும் நடுவே அறுபது மீட்டர்.

இதைக் கேட்க உதவிப் பொறியாளர் கார்த்திகா என்னைத் தேடித் திருவெறும்பூர் வரை வந்தாள். கையில் ஒரு பழைய டிரேசிங் ஷீட். அதைச் சாப்பாட்டு மேசையில் விரித்து, மூலையில் இருந்த கட்டத்தைக் காட்டினாள். ‘வரைந்தவர்’ என்ற இடத்தில் என் இனிஷியல்.

“மேடம், இது நீங்க போட்டதுதானே?”

“ஆமா. ஏன், எழுத்து நல்லா இல்லையா?”

“எழுத்து சூப்பரா இருக்கு மேடம். வாரிதான் எடம் மாறி இருக்கு.”

காப்பி கொடுத்தேன். அவள் விஷயத்துக்கு வந்தாள்.

“ரெண்டாம் கட்ட வேலை வந்திருக்கு மேடம். நம்ம மேப்ல வாரின்னா கான்கிரீட் கட்டினதுதான். பக்கத்துல நெஜமா தண்ணி ஓடுறதுக்குக் ‘கசிவு’ன்னு பேர் போட்டு, மண்ணக் கொட்டி மூடி, மேல ரோடு போடச் சொல்லியிருக்காங்க. அதை மூடினா கொளத்துத் தண்ணி தெருவுக்குள்ளதான் வரும். நான் வாயால சொன்னா யாரும் கேக்க மாட்டேங்கறாங்க. மேப் தப்புன்னு யாராவது எழுத்துல கொடுக்கணும்.”

யாராவது என்று சொல்லும்போது அவள் என்னைப் பார்க்கவில்லை, டம்ளரைப் பார்த்தாள். மரியாதை தெரிந்த பெண். இரண்டு நாளில் சொல்கிறேன் என்று அனுப்பிவைத்தேன். அந்த இரண்டு நாளும் எனக்குள் ஓடியதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

என் பெயர் ரெஜினா. முப்பத்தொரு வருடம் அரசு வரைவாளராக இருந்து ஓய்வு பெற்றவள். துறையின் பெயரைச் சொல்ல மாட்டேன், பென்ஷன் வாங்குகிறேன். பாலக்கரைப் பக்கம் ஐ.டி.ஐ. ஒன்றில் இரண்டு வருடம் படித்தேன். முதல் வருடம் கோடு போடக் கற்றுக்கொடுத்தார்கள், இரண்டாம் வருடம் போட்ட கோட்டைத் தெரியாமல் அழிக்கக் கற்றுக்கொடுத்தார்கள். வேலையில் எனக்குப் பெரிதும் உதவியது இரண்டாம் வருடம்.

கோணவாரி என்றால் திருச்சிக்காரர்களிலேயே பாதிப் பேருக்குத் தெரியாது. எடமலைப்பட்டி புதூரைத் தாண்டி ஒரு சின்னக் குளம் இருக்கிறது. நிரம்பினால் கலிங்கு வழியாக வழியும். கலிங்கு என்பது மிச்சத் தண்ணீர் வெளியேறக் குளக்கரையில் கல்லால் தாழ்வாகக் கட்டிய இடம். அங்கிருந்து கிளம்பும் வாரி, வீடுகளின் பின்புறமாக அரை கிலோமீட்டர் நேராக வந்து, ஒரு பாறை மேட்டில் முட்டி, இடது பக்கம் திரும்பி, மதுரை ரோட்டுப் பாலத்துக்குக் கீழே நுழைந்து, கோரையாற்றில் போய்ச் சேரும். அந்தத் திருப்பத்தால்தான் கோணவாரி என்று பெயர். மழைக்காலத்தில் அதில் தண்ணீர் இருக்கும். மற்ற நாட்களில் சாக்கடை, கோழி இறகு, உடைந்த வெஸ்டர்ன் டாய்லெட், யாரோ தலைமுழுகிவிட்டுப் போட்ட பாய் எல்லாம் இருக்கும். ஒரு முறை அதில் ஒரு முழு சோபா செட்டைப் பார்த்தேன், குஷனோடு.

இதைப் புனரமைக்கலாம் என்று ஒரு நாள் மேலே யாருக்கோ தோன்றியது. முதற்கட்டமாகக் கலிங்கில் தொடங்கி அறுநூறு மீட்டருக்கு இரண்டு பக்கமும் சுவர், தரையில் கான்கிரீட், ஓரத்தில் நடைபாதை, நடைபாதையில் பெஞ்சு. தண்ணீருக்கு என்ன செய்யப் போகிறோம் என்பது திட்டத்தில் இல்லை. பெஞ்சுக்கு மட்டும் மூன்று மாதிரி வரைந்து கொடுத்தேன்.

அப்போது எங்கள் செயற்பொறியாளர் ராகவன் சார். ஸ்ரீரங்கத்துக்காரர். காலையில் பெருமாளைச் சேவித்துவிட்டு, நெற்றியில் திருமண் காயும் முன்னே ஸ்கூட்டரில் காவிரிப் பாலத்தைத் தாண்டி ஆபீஸ் வந்துவிடுவார். கை சுத்தமான மனிதர். யாரிடமும் ஒரு காப்பிகூட வாங்கிக் குடித்ததில்லை. கோயில் பேச்சு ஆபீசிலும் அப்படியே வரும். மேலதிகாரி வந்தால், “எழுந்தருளியாச்சா?” என்பார். ஃபைல் தொலைந்தால், “பெருமாள் திருவுள்ளம்” என்பார். தொலைந்த ஃபைல் கிடைத்தாலும் அதையே சொல்வார், ஆனால் முகம் கொஞ்சம் வாடியிருக்கும்.

அவர் ஒரு படத்தைப் பார்க்கும் விதமே தனி. முதலில் கண்ணாடியைத் துடைப்பார். பிறகு ஸ்கேலை எடுத்து விளிம்புக் கோட்டின் அகலத்தை அளப்பார். பிறகு வடக்கைக் காட்டும் அம்புக்குறியின் இறகுகளை எண்ணுவார், இரண்டு பக்கமும் சமமாக இருக்க வேண்டும். பிறகு தலைப்பில் ஒற்று மிகுமா என்று யோசிப்பார். கடைசியாகப் பேனாவைத் திறப்பார், ராகுகாலமா என்று காலண்டரைப் பார்ப்பார், மூடுவார். நடுவில் இருக்கும் வாரியை அவர் பார்த்து நான் பார்த்ததில்லை. ஒருமுறை அம்புக்குறிக்காக ஒரே ஷீட்டை மூன்று தடவை திருப்பி அனுப்பினார். நாலாவது தடவை அதே ஷீட்டை எதையும் தொடாமல் கொண்டுபோனேன். “இப்பப் பாருங்கோ, எவ்வளவு லட்சணமா இருக்கு” என்றார்.

கம்ப்யூட்டர் வந்திருந்தது. அது அவர் அறையில், பூப்போட்ட துணி போர்த்தி, நெற்றியில் ஆயுதபூஜைச் சந்தனத்தோடு உட்கார்ந்திருந்தது. தூசி பட்டால் கெட்டுவிடும் என்று அதை யாரும் தொடக்கூடாது. அதனால் கையெழுத்தாகும் படம் கடைசி வரை என் கையால்தான்.

அவருக்கு ஒரே ஒரு பயம், கையெழுத்து. அதனால் சிக்கலான ஃபைல் எது போனாலும் ஓரத்தில் பச்சை மையில் ‘பேசவும்’ என்று எழுதித் திருப்பிவிடுவார். புதிதாக வந்தவர்கள் சந்தோஷமாகப் பேசப் போவார்கள். அவர் முகாமில் இருப்பார். முகாமில் போய்ப் பார்த்தால் ஆபீசுக்குக் கிளம்பியிருப்பார். நேரில் சிக்கினாலோ, “ஃபைல் இல்லாம எப்படிம்மா பேசறது?” என்பார். ஃபைல் என் மேசையில் ‘பேசவும்’ என்று வாயைத் திறந்துகொண்டு கிடக்கும். எங்கள் ஆபீசில் அதிகமாக எழுதப்பட்டதும் அதிகமாக மீறப்பட்டதும் அந்த ஒரு உத்தரவுதான்.

கோணவாரியை அளந்தபோது ஒரு நாள் நானும் போனேன். லெவல் புத்தகத்தில் திருப்பத்துக்குப் பக்கத்தில் தரை மட்டம் திடீரென்று ஓர் ஆள் உயரம் ஏறியிருந்தது. எழுதியவர் தூங்கிவிட்டார் என்று நினைத்துச் சரிபார்க்கப் போனேன். தூங்கவில்லை, அது பாறை. அதன் மேல் ஒரு ஓட்டு வீடு, வீட்டின் முன்பகுதியில் மாவு மில். மில்லை நடத்தியவர் ஜைனம்பு. முப்பது முப்பத்தைந்து வயதிருக்கும். புருவம் வரை அரிசி மாவு. எங்களுக்குத் தண்ணீர் கொடுத்து, என்ன அளக்கிறீர்கள் என்று கேட்டார். வாரியைச் சுத்தம் செய்யப் போகிறோம் என்றேன்.

“செய்ங்க மேடம், புண்ணியமாப் போவும். எங்களுக்கு ஒண்ணும் இல்ல, எங்க அத்தா மேடு பாத்துதான் வாங்கினாங்க. மழை பேஞ்சா கீழ்த் தெருக்காரங்க ஆட்ட ஓட்டிட்டு இங்கதான் ஏறி வருவாங்க” என்றார்.

படத்தை முறையாகத்தான் வரைந்தேன். கலிங்கு, பூஜ்ஜியம். அங்கிருந்து எல்லாத் தூரமும் அளக்கப்படும். நானூற்று எண்பதாவது மீட்டரில் இடது பக்கத் திருப்பம். அறுநூறில் முதற்கட்டம் முடிகிறது. அந்த ஷீட்டில் வாரியும் தூரங்களும் மட்டும்தான். எந்த நிலம் யாருடையது என்று காட்டும் சர்வே எண் ஷீட் தனி. அது வேறொரு கட்டடத்தில், வேறொரு பீரோவில் இருந்தது. இரண்டு ஷீட்டும் ஒன்றையொன்று பார்த்ததே இல்லை.

பிறகு பூமி பூஜை வந்தது. கலிங்கில்தான் போட வேண்டும். ஆனால் அங்கே முள்ளும் சேறும், சிறப்பு விருந்தினரின் கார் போகாது. ஒப்பந்தக்காரர் ஓர் இடம் பார்த்தார். கலிங்கிலிருந்து அறுபது மீட்டர் கீழே, ரேஷன் கடை ஓரத்தில், சமமான மண் தரை, வேப்பமர நிழல், பந்தல் போட வசதி, கார் திருப்ப இடம். அங்கேயே ஐயர் மந்திரம் சொன்னார், விருந்தினர் செங்கல் வைத்தார், எல்லோரும் மஞ்சள் தண்ணீர் தெளித்தோம். மெதுவடை நன்றாக இருந்தது.

மறுநாள் ராகவன் சார் என்னைக் கூப்பிட்டார். ஒப்பந்தக்காரரும் உட்கார்ந்திருந்தார்.

“அம்மா ரெஜினா, பூஜை போட்ட எடத்துலேர்ந்துதானே வேலை ஆரம்பிக்கணும்? அதானே மொறை?”

“ஆமா சார்.”

“அப்போ பூஜ்ஜியம் அங்க வரணும். அளவுப் புத்தகத்துல அடிக்கல் ஒரு எடத்துல, ஆரம்பம் ஒரு எடத்துலன்னு இருந்தா தணிக்கைல கேப்பா.”

ஒப்பந்தக்காரர், “கல்ல வேணா எடுத்துக் கலிங்குல வெச்சிருவோமா சார்?” என்றார். ராகவன் சார் இரண்டு காதையும் தொட்டுக்கொண்டார். பூஜை போட்ட கல்லை அசைப்பதாவது. வாரியை அசைப்பதில் அவருக்கு அவ்வளவு கூச்சம் இல்லை.

நான் சொன்னேன், சொல்லாமல் இல்லை. “சார், பூஜ்ஜியத்தை நகத்தினா மத்த எல்லா நம்பர்லயும் அறுபது கொறைக்கணும். இல்லேன்னா திருப்பம் தப்பா விழும்.”

“எல்லா நம்பரையும் மாத்தினா அதுக்குப் பேர் திருத்திய மதிப்பீடும்மா. மெட்ராஸ் போகும். அது திரும்பி எழுந்தருளறதுக்குள்ள நான் ரிடையர் ஆயிடுவேன். பூஜ்ஜியத்தை மட்டும் மாத்துங்கோ. மத்ததைப் பெருமாள் பாத்துப்பார்.”

டிரேசிங் ஷீட்டில் மையை அழிப்பது தனி வேலை. ரப்பர் பயன்படாது. புது பிளேடை உறையோடு சேர்த்து இரண்டாக உடைத்து, பாதியை எடுத்துக்கொள்ள வேண்டும். ஷீட்டுக்கு அடியில் கண்ணாடி. பிளேடை லேசாக வளைத்து, ஒரே திசையில், மூச்சுவிடாமல், மை மட்டும் உதிரும்படி சுரண்ட வேண்டும். ஆழமாகப் போனால் ஓட்டை, மேலாகப் போனால் நிழல். பிறகு நகத்தின் பின்பக்கத்தால் தேய்த்து வழவழப்பாக்கி, துளி முகப்பவுடர் தூவி, ஊதிவிட்டு, புது எழுத்தைப் போட வேண்டும். அவசரப்பட்டால் மை கசியும். இதில் எனக்குத் துறையிலேயே பெயர் உண்டு. அன்று மாலை திருவெறும்பூர் பஸ்ஸுக்கு இருபது நிமிடம் இருந்தது. ‘கலிங்கு’ என்று இருந்ததைச் சுரண்டி ‘அடிக்கல்’ என்று எழுதினேன். மை கொஞ்சம் கசிந்தது. பஸ்ஸைப் பிடித்துவிட்டேன்.

ஏன் செய்தாய் என்று கேட்டால் பயத்தால் என்று சொல்லத் தோன்றுகிறது. அது பொய். ராகவன் சார் யாரையும் திட்டக்கூட மாட்டார். நான் மாட்டேன் என்றிருந்தால், “சரிம்மா” என்று இன்னொருவரைக் கூப்பிட்டிருப்பார், அவ்வளவுதான். பழக்கத்தால் செய்தேன். சொன்னதைச் செய்து, நாலு மணி நாற்பதுக்குப் பையை மாட்டும் பழக்கம்.

ஒப்பந்தக்காரரின் ஆட்கள் அடிக்கல்லில் டேப்பைப் பிடித்து நடந்தார்கள். நானூற்று இருபதாவது மீட்டரில், அவர்கள் கண்ணெதிரே, வாரி இடது பக்கம் திரும்பியது. படப்படி நானூற்று எண்பதில்தான் திரும்ப வேண்டும். இன்னும் அறுபது மீட்டர் நேராகப் போவதென்றால் எதிரே பாறை, பாறை மேல் மில். மேஸ்திரி நியாயமான மனிதர். ஆபீசுக்குப் போன் செய்தார்.

“சார், வாரி திரும்பிருச்சு, படம் திரும்பல.”

ராகவன் சார் அமைதியாகச் சொன்னார். “கையெழுத்தானது படம்தானேப்பா. வாரி கையெழுத்தாகலையே.”

மறுநாள் ஜைனம்பு வீட்டுச் சுவரில் சிவப்புப் பெயின்ட்டில் பெருக்கல் குறி விழுந்தது. நீர்வழி ஆக்கிரமிப்பு. அந்த வட்டாரத்திலேயே மேடான இடம், அதுதான் வாரியை ஆக்கிரமித்திருக்கிறதாம்.

பட்டாவைப் பிளாஸ்டிக் பையில் போட்டு எடுத்துக்கொண்டு ஜைனம்பு ஆபீசுக்கு வந்தார். ஒவ்வொரு மேசையாக நின்று, ஒவ்வொரு மேசையும் அடுத்த மேசையைக் காட்ட, கடைசியில் என் மேசைக்கு வந்தார். அதற்கு மேல் சுவர்தான். நான் எழுந்து என் ஸ்டூலைக் கொடுத்து உட்காரச் சொன்னேன். தண்ணீர் கொடுத்தேன். அன்றைக்கு என்னை அவருக்கு அடையாளம் தெரிந்தது.

“நீங்கதானே மேடம் அன்னிக்கு வந்து பாத்தீங்க? நீங்களே சொல்லுங்க. எங்க வூட்டு மேல எப்படி வாரி வரும்? தண்ணி மாடி ஏறுமா?”

“ஏறாதுங்க.”

“அப்ப இது தப்புதானே?”

“எங்கயோ கோளாறு ஆயிருக்கு. மேல எழுதறேன், நீங்க கவலப்படாம போங்க” என்றேன். படம் என் மேசையில்தான் இருந்தது. அதன் மேல் ஒரு பழைய பேப்பரை இழுத்துப் போட்டேன்.

எழுதினேன். மறைக்கவில்லை, குறிப்பு எழுதினேன். அதன் வாசகம் இன்னும் மனப்பாடம்: ‘மேற்படி வாரியின் தொடக்கப் புள்ளியில் சிறு வேறுபாடு இருக்கக்கூடும் எனத் தெரியவருவதால், தக்க நடவடிக்கைக்காகப் பணிந்து சமர்ப்பிக்கப்படுகிறது.’ யார் மாற்றியது, எதைச் சுரண்டியது, யாருடைய வீடு போகப் போகிறது, ஒன்றும் அதில் இல்லை. ‘பேசவும்’ என்று திரும்பி வந்தது. மறுபடி அனுப்பினேன். ‘பேசவும்’. மூன்றாவது முறையும் வந்ததும் நான் நேரில் போனேன். சார் சென்னை முகாம். ‘நான் சுரண்டினேன்’ என்று நாலாவது குறிப்பு எழுதியிருக்கலாம். எழுதவில்லை. பதவி உயர்வுப் பட்டியல் போயிருந்த நேரம். இப்போது சொல்லும்போதும் வெட்கமாக இருக்கிறது.

ஜைனம்புவுக்கு மேல்முறையீடு செய்ய அவகாசம் கொடுத்துக் கடிதம் அனுப்பினார்கள். அவகாசம் முடிந்த மறுநாள் கடிதம் போய்ச் சேர்ந்தது. அடுத்த வாரம் ஜேசிபி வந்தது. மில் மோட்டாரைக் கழற்ற மட்டும் ஒரு மணி நேரம் விட்டார்களாம். நான் போகவில்லை. அன்றைக்கு லீவு போட்டேன்.

திறப்பு விழாவுக்குப் போனேன். மழை இன்னும் வரவில்லை, வாரியில் தண்ணீர் இல்லாமல் படம் எடுக்க முடியாதே, அதனால் இரண்டு டேங்கர் லாரித் தண்ணீரைப் புது கான்கிரீட்டில் திறந்துவிட்டார்கள். பாறையை வெட்டும் செலவை மிச்சம் பிடித்து, அதன் மேலேயே தரை போட்டிருந்தார்கள். தண்ணீர் கொஞ்ச தூரம் போனது, மேட்டைப் பார்த்தது, திரும்பி விருந்தினர்கள் நின்ற பக்கமே வந்தது. எல்லோரும் வேட்டியைத் தூக்கிக்கொண்டு பின்னால் நகர்ந்தார்கள். ராகவன் சார் மட்டும் அசையவில்லை. “பாத்தேளா, தண்ணியே எதிர்சேவைக்கு வரது” என்றார். படம் அழகாக வந்தது. அதற்குக் கேடயம் ஒன்று கிடைத்தது, ஆபீஸ் வாசலில் கண்ணாடிப் பெட்டியில் வைத்தோம்.

ஐப்பசியில் குளம் நிரம்பி வழிந்தது. தண்ணீர் வந்தது, பாறையில் முட்டியது, சுவரைத் தாண்டி, எப்போதும் போல இடது பக்கம் திரும்பிப் போனது. தண்ணீருக்குப் பழைய படமும் தெரியாது, திருத்திய படமும் தெரியாது. மேட்டில் கிடந்த கான்கிரீட்டில் பிள்ளைகள் கிரிக்கெட் ஆடினார்கள். சில வருடம் வற்றல் காய்ந்தது. பெஞ்சுகளில் மட்டும் ஆட்கள் உட்கார்ந்தார்கள், திட்டத்தில் உருப்பட்டது அதுதான். ராகவன் சார் ஓய்வு பெற்றார். கொஞ்ச நாளில் ஆசார்யன் திருவடி அடைந்துவிட்டார். நான் போய் மாலை போட்டேன். நல்ல மனிதர், இதை எழுதும்போதும் அப்படித்தான் சொல்வேன்.

இரண்டு நாள் கழித்துக் கார்த்திகா மறுபடி வந்தாள். இந்த முறை இப்போதைய செயற்பொறியாளரைப் போனில் பிடித்து என் கையில் கொடுத்தாள். தங்கமான பேச்சு அவருக்கு.

“மேடம், ஒண்ணும் கஷ்டப்படாதீங்க. பழைய சார் வாய்மொழியா உத்தரவு போட்டார்னு ரெண்டு வரி எழுதிக் கொடுங்க, போதும். அவர் இப்ப இல்ல. யாருக்கும் தொந்தரவு இல்ல. உங்க பென்ஷனுக்கும் ஒண்ணும் வராது.”

“அவர் சொன்னது நெஜந்தான் சார். சுரண்டினது நானு.”

“அதெல்லாம் எழுதணுமா மேடம்?”

“எழுதாம விட்டாத்தான் மேப் தப்புன்னு நிரூபிக்க முடியாது சார். ஷீட்டுல எந்த எடத்துல சுரண்டியிருக்குன்னு எனக்குத்தான் தெரியும்.”

எழுதினேன். சாப்பாட்டு மேசையில், கார்த்திகா எதிரே உட்கார்ந்திருக்க, முழுசாக. ‘கலிங்கு’ என்பதைப் பிளேடால் சுரண்டியது நான். மற்ற எண்களைக் குறைக்க வேண்டும் என்று எனக்கு அப்போதே தெரியும். குறைக்கவில்லை. ஜைனம்பு என்பவரின் பட்டா நிலத்தில் வாரி எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. கையெழுத்தும் போட்டேன், எழுத்து முன்போல அவ்வளவு லட்சணமாக இல்லை. கார்த்திகா ஷீட்டை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து, நான் காட்டிய இடத்தில் கசிந்த மையைப் படம் எடுத்துக்கொண்டாள். கசிவை மூடும் வேலை நின்றது. திட்டம் திருத்திய மதிப்பீட்டுக்காகச் சென்னை போயிருக்கிறது. அது வரும்போது வரட்டும். அதுவரை வாரி அதன் பாட்டுக்கு ஓடும்.

கிளம்பும்போது கார்த்திகா வாசலில் நின்றாள். “மேடம், இனிமே அந்த அம்மா நிலத்துக்கு மனு போடலாம். உங்க வாக்குமூலத்தோட காப்பி அவங்களுக்கும் போவும். அடுத்த வாரம் தபால்ல அனுப்பிருவோம்.”

தபாலில் போய்ச் சேரும் முன்னே நான் போக வேண்டியிருந்தது. போவது ஒன்றும் தூரமில்லை. வீட்டை இழந்த பிறகு ஜைனம்பு அரியமங்கலத்தில் ஒரு பட்டறைக்குப் பக்கத்தில் ஷெட் வாடகைக்கு எடுத்து மில்லைப் போட்டிருந்தார். பத்து வருடத்துக்கு மேலாக எங்கள் வீட்டு மிளகாய்த்தூளும் மல்லித்தூளும் அங்கேதான். முதல் தடவை தெரியாமல்தான் போனேன். பார்த்ததும் அவர் ஓடி வந்து கையைப் பிடித்துக்கொண்டார். வரிசையில் நின்றவர்களிடம், “அந்த ஆபீஸ்லயே இந்த அக்கா ஒருத்தங்கதான் என்னய மனுசியா மதிச்சு உக்கார வெச்சாங்க” என்று சொல்லி, என் டப்பாவை வாங்கி முதலில் அரைத்தார். அன்றிலிருந்து எத்தனை பேர் நின்றாலும் எனக்குத்தான் முதலில். வேறு மில்லுக்குப் போயிருக்கலாம். போகவில்லை. அங்கே வரிசையில் நிற்க வேண்டியிருக்கும்.

அன்றும் மிளகாய் டப்பாவோடு போனேன். டப்பா இல்லாமல் போகத் தைரியம் இல்லை. கூட்டம் இருந்தது. ஜைனம்பு கையை நீட்டினார்.

“வாங்கக்கா. மிளகாயா? குடுங்க.”

“ஒரு நிமிஷம் மோட்டார நிறுத்துங்க ஜைனம்பு. ஒண்ணு சொல்லணும்.”

நிறுத்தினார். சொன்னேன். பிளேடு, பூஜ்ஜியம், அறுபது மீட்டர், எல்லாம். இப்போது எழுதிக் கொடுத்திருப்பதையும், நிலத்துக்கு மனு போடலாம் என்பதையும் சொன்னேன். மோட்டார் நின்ற ஷெட்டில் எல்லோருக்கும் கேட்டது. ஜைனம்பு முந்தானையால் முகத்து மாவைத் துடைத்தபடி கேட்டுக்கொண்டிருந்தார். மனுவைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை.

“அன்னிக்கு என்னய உக்கார வெச்சு தண்ணி குடுத்தீங்களே, அப்பவே தெரியுமா?”

“தெரியும்.”

திட்டுவார் என்று நினைத்தேன். திட்டினால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தேன். அவர் திரும்பி மோட்டாரைப் போட்டார். அடுத்து நின்ற பெண்ணின் கோதுமையை வாங்கிக் கொட்டினார். பிறகு சத்தத்துக்கு மேலே குரலை உயர்த்தி, என்னைப் பார்க்காமல் சொன்னார்.

“மேடம், டப்பாவக் கொண்டுபோய்க் கடைசில வைங்க. ஒங்களுக்கு முன்னால ஒம்போது பேர் இருக்காங்க.”

கொண்டுபோய் வைத்தேன்.